உருளைக்கிழங்குக்கு ஒரு கோடி: விதை, மூலிகை, அறிவுசார் சொத்துரிமை

2019 ஏப்ரலில் குஜராத்தின் சபர்காந்தா மாவட்டத்தைச் சேர்ந்த நான்கு உருளைக்கிழங்கு விவசாயிகள் மீது பெப்சிகோ நிறுவனம் வழக்குப் போட்ட செய்தி வெளியே வந்தது. கேட்ட நஷ்டஈடு ஆளுக்கு 1.05 கோடி ரூபாய். எல்லாரும் சில ஏக்கரில் பாடுபடுகிறவர்கள். எஃப்.எல். 2027 என்ற ரகத்தை நிறுவனத்தின் அனுமதி இல்லாமல் பயிரிட்டு விற்றார்கள் என்பதே அவர்கள் மீதான குற்றச்சாட்டு. லேஸ் சிப்ஸுக்கென்றே உருவான ரகம் இது. ஈரப்பதம் குறைவு என்பதால் எண்ணெயில் போட்டால் நன்றாகப் பொரியும்.

உருளையைப் பயிர் செய்பவர்களுக்குத் தெரியும், அதற்குத் தனியாக விதை வேண்டியதில்லை. கண் உள்ள கிழங்கை வெட்டி நட்டால் தாயைப் போலவே பிள்ளை. பக்கத்து ஊர்க்காரரிடம் ஒரு மூட்டை கிடைத்தால் அடுத்த பட்டத்துக்கு அதுவே பெருகிவிடும். அப்படிக் கைமாறி வந்த கிழங்கை நட்டதற்கு ஒரு விவசாயி கோடி ரூபாய் கட்ட வேண்டுமா? இந்தக் கேள்விக்குப் பதில் தெரிய வேண்டுமானால் அறிவுசார் சொத்துரிமை என்றால் என்ன, அது யாரை மனத்தில் வைத்து எழுதப்பட்டது என்று கொஞ்சம் பின்னால் போய்ப் பார்க்க வேண்டும்.

பெயர், தேதி, தாள்

வீடு, நிலம், நகை எல்லாம் கண்ணுக்குத் தெரியும் சொத்து. ஒரு மருந்தின் செய்முறை, ஒரு கதை, ஒரு கடையின் பெயர், ஒரு புதிய பயிர் ரகம் ஆகியவை அப்படி அல்ல. ஒருவர் பார்த்துப் படித்துக்கொண்டால் இருவரிடமும் இருக்கும். இவற்றை உருவாக்கியவருக்குக் குறிப்பிட்ட காலத்துக்கு அரசு தரும் ஏகபோகத்தைத்தான் அறிவுசார் சொத்துரிமை என்கிறோம். கண்டுபிடிப்புக்குக் காப்புரிமை, 20 ஆண்டு. எழுத்துக்கும் இசைக்கும் பதிப்புரிமை. இந்தியாவில் படைத்தவரின் ஆயுளும் அதற்கு மேல் 60 ஆண்டும். வணிகப் பெயருக்கும் சின்னத்துக்கும் வணிகக் குறியீடு. பத்தாண்டுக்கொரு முறை புதுப்பித்துக்கொண்டே போகலாம். பயிர் ரகத்துக்குத் தனிச் சட்டம். அதைப் பிறகு பார்ப்போம்.

காப்புரிமை ஒரு பேரம். 'உன் கண்டுபிடிப்பை ஒளிக்காமல் எழுதிக் கொடு, 20 ஆண்டு நீ மட்டும் சம்பாதித்துக்கொள், அப்புறம் அது எல்லாருக்கும் பொது' என்கிறது அரசு. இதில் தவறொன்றும் இல்லை. ஆனால் பேரத்தில் கலந்துகொள்ள மூன்று விஷயங்கள் வேண்டும்: கண்டுபிடித்தவர் என்று சொல்ல ஒரு பெயர், இன்ன நாளில் என்று சொல்ல ஒரு தேதி, எழுதிக் கொடுக்க ஒரு தாள்.

மாப்பிள்ளைச் சம்பாவைக் கண்டுபிடித்தவர் யார்? எந்த ஆண்டு? யாருக்கும் தெரியாது. நல்ல கதிரைப் பார்த்துப் பொறுக்கி, அடுத்த போகத்துக்கு எடுத்துவைத்து, பெண் கொடுத்த ஊருக்கு ஒரு மரக்கால் அனுப்பி, அங்கே அது வேறு மண்ணுக்குப் பழகி, இப்படித் தலைமுறை தலைமுறையாக ஆயிரக்கணக்கான கைகள் செய்த வேலை அது. மலையில் எந்தக் கொடி விஷக்கடிக்கு ஆகும், எந்தக் கிழங்கைச் சுட்டால்தான் தின்னலாம் என்பதும் அப்படி வந்த அறிவுதான். பெயர் இல்லை, தேதி இல்லை, தாளும் இல்லை. பாட்டன் காலத்திலிருந்து உழுதுவரும் நிலத்துக்குப் பட்டா இல்லாமல் இருக்க, வெளியூர்க்காரர் ஒருவர் தாலுகா ஆபீசுக்குப் போய்த் தன் பெயரில் பதிந்துகொண்டு வந்தால் என்ன நடக்குமோ, அதுதான் 1990களில் விதைக்கும் மூலிகைக்கும் நடந்தது.

மஞ்சளும் மஞ்சள் பயறும்

காயத்தில் மஞ்சள் வைத்தால் ஆறும் என்பதற்கு 1995 மார்ச்சில் அமெரிக்காவில் காப்புரிமை கொடுத்தார்கள். பெற்றது மிசிசிப்பி பல்கலைக்கழக மருத்துவ மையம். நம் வீடுகளில் குழந்தை விழுந்தால் முதலில் ஓடிப்போய் எடுக்கும் டப்பா அதுதானே, இதில் என்ன புதுமை என்று எல்லாரும் கேட்டார்கள். நியாயமான கேள்வி. ஆனால் அன்றைய அமெரிக்கச் சட்டத்தின்படி, வெளிநாட்டில் ஒரு விஷயம் ஊருக்கே தெரிந்திருப்பது போதாது. அது அச்சில் வந்திருக்க வேண்டும், அல்லது அங்கே காப்புரிமை பெற்றிருக்க வேண்டும். வாய்வழி அறிவும் வழக்கமும் அமெரிக்காவுக்குள் இருந்தால் மட்டுமே கணக்கு. கோடிக்கணக்கான இந்திய அடுப்படிகள் அந்தச் சட்டத்தின் கண்ணுக்குத் தெரியவில்லை. 2013இல்தான் இந்த விதியை மாற்றினார்கள்.

அதனால் இந்தியாவின் அறிவியல் தொழிலக ஆராய்ச்சிக் குழுமம் அந்த உரிமையை எதிர்த்தபோது, ஏடும் இதழும் தேடி 32 எழுத்துச் சான்றுகளைத் திரட்டியது. பழைய சமஸ்கிருத நூலும் இருந்தது. இந்திய மருத்துவச் சங்கத்தின் இதழில் 1953இல் வந்த கட்டுரையும் இருந்தது. 1997 ஆகஸ்டில் காப்புரிமை ரத்தானது. அப்போது குழுமத்தின் தலைமை இயக்குநராக இருந்தவர் ஆர்.ஏ. மஷேல்கர்.

இதைப் பெரிய வெற்றியாகப் பள்ளிப் பாடம் வரை கொண்டாடுகிறோம். வெற்றிதான். ஆனால் ஜெயித்தது பாட்டியின் அறிவு அல்ல, 1953இல் யாரோ ஒருவர் எழுதி அச்சிட்ட தாள். அந்தத் தாள் இல்லாத அறிவின் கதி என்ன?

வேம்பு வழக்கு இதற்குக் கொஞ்சம் மாறானது. வேப்பெண்ணெயைக் கொண்டு செடிகளில் பூஞ்சையைக் கட்டுப்படுத்தும் முறைக்கு டபிள்யூ.ஆர். கிரேஸ் நிறுவனத்துக்கும் அமெரிக்க வேளாண் துறைக்கும் ஐரோப்பியக் காப்புரிமை அலுவலகம் 1994இல் உரிமை கொடுத்தது. இந்தியச் சூழலியல் செயற்பாட்டாளர் வந்தனா சிவா, ஐரோப்பியப் பசுமைக் கட்சியின் மக்தா ஆல்வூட், இயற்கை வேளாண் இயக்கங்களின் சர்வதேசக் கூட்டமைப்பு ஆகியோர் எதிர்த்தார்கள். ஐரோப்பாவில் உலகின் எந்த மூலையில் நடந்த பயன்பாடும் செல்லும். இந்தியாவில் வேம்புச் சாறு தயாரித்துவந்த ஒருவர் நேரில் போய்ச் சாட்சி சொன்னார். 2000இல் ரத்து. மேல்முறையீடும் 2005 மார்ச்சில் தள்ளுபடி. ஆக, பத்தாண்டு.

அந்தப் பத்தாண்டில் என்ன ஆகும் என்று தெரிய வேண்டுமானால் மெக்சிகோவைப் பார்க்கலாம். 1994இல் அங்கே ஒரு மூட்டைப் பயறு வாங்கிப் போன அமெரிக்கர் ஒருவர், அதிலிருந்து மஞ்சள் நிற மணிகளைப் பொறுக்கிச் சில ஆண்டு விதைத்து, 'எனோலா' என்று பெயர் வைத்து, 1999இல் காப்புரிமை வாங்கிவிட்டார். பிறகு மெக்சிகோவிலிருந்து மஞ்சள் பயறு இறக்குமதி செய்தவர்களிடம் ராயல்டி கேட்டார். தலைமுறைகளாக அதை விளைவித்து அனுப்பிவந்த மெக்சிகோ விவசாயிகளின் ஏற்றுமதி அடிபட்டது. கொலம்பியாவில் உள்ள சர்வதேச வெப்பமண்டல வேளாண் மையம் 2000இல் எதிர்ப்பு மனு போட்டது. இறுதித் தீர்ப்பு 2009இல் வந்தது. உரிமை செல்லாது என்றார்கள், சரி. நடுவில் போன வியாபாரத்தை யாரும் திருப்பித் தரவில்லை.

மஞ்சள் வழக்குக்குப் பிறகு இந்தியா செய்த புத்திசாலித்தனமான காரியம் ஒன்று உண்டு. ஆயுர்வேத, யுனானி, சித்த மருத்துவ நூல்களில் உள்ள மருந்துகளைத் தொகுத்து, ஆங்கிலம், பிரெஞ்சு, ஜெர்மன், ஸ்பானிஷ், ஜப்பானிய மொழிகளில் பெயர்த்து, வெளிநாட்டுக் காப்புரிமை அலுவலகங்களின் பரிசோதகர்கள் தேடிப் பார்க்கும்படி ஒரு மின்நூலகமாக வைத்தது. 2001இல் தொடங்கிய வேலை. நம் தமிழ்ச் சித்தர் பாடல்களில் உள்ள செய்முறைகளும் அதில் ஏறியிருக்கின்றன. ஒரு விண்ணப்பம் வந்ததும் 'இது ஏற்கெனவே எழுதப்பட்டது' என்று மேசையிலேயே மறுக்க முடிகிறது. ஆனால் இது காவல் மட்டுமே. திருடனைத் தடுக்கும், வீட்டுக்காரருக்குப் பத்து பைசா தராது. நூலில் ஏறாத பழங்குடி அறிவுக்குக் காவலும் கிடையாது.

உருளைக்கிழங்கு வழக்குக்கு விடை

1995இல் உலக வர்த்தக அமைப்பு வந்தபோது அதனுடன் டிரிப்ஸ் ஒப்பந்தமும் வந்தது. உறுப்பு நாடுகள் எல்லாம் குறைந்தபட்சம் இன்னின்ன அறிவுசார் சொத்துரிமைகளைத் தர வேண்டும் என்று வகுத்தது. அதன் 27.3(ஆ) பிரிவு செடிகொடிகளுக்குக் காப்புரிமை தர வேண்டியதில்லை என்று ஒரு வாசலைத் திறந்து வைத்தது. ஆனால் பயிர் ரகங்களுக்கு மட்டும், காப்புரிமையோ பயனுள்ள ஒரு தனி முறையோ, ஏதாவதொரு பாதுகாப்பு இருந்தாக வேண்டும் என்றது.

அந்தத் தனி முறைக்குப் பணக்கார நாடுகள் வைத்திருந்த அச்சு 'யூபோவ்' என்ற உடன்படிக்கை. 1961இல் உருவானது, 1991இல் விவசாயிகளுக்கு மேலும் இறுக்கமானது. 1991 வடிவத்தில், பாதுகாக்கப்பட்ட ரகத்தின் விதையை விவசாயி தன் நிலத்துக்கு எடுத்துவைப்பதைக்கூட அந்தந்த நாடு விரும்பினால் வரம்போடு அனுமதிக்கலாம், அவ்வளவுதான். பக்கத்து வீட்டுக்குக் கொடுப்பது அந்த விலக்கில் வராது. இந்தியா இதில் சேரவில்லை. 2001இல் தன் சொந்தச் சட்டத்தை நிறைவேற்றியது: பயிர் ரகங்கள் மற்றும் விவசாயிகள் உரிமைகள் பாதுகாப்புச் சட்டம். விவசாயிகளின் உரிமையைச் சட்டத்தின் பெயரிலேயே வைத்தார்கள்.

இந்தச் சட்டப்படி புதிய ரகத்தை உருவாக்கியவர் பதிவு செய்து, மரத்துக்கும் கொடிக்கும் 18 ஆண்டு, மற்றப் பயிர்களுக்கு 15 ஆண்டு ஏகபோகம் பெறலாம். அதோடு 39ஆம் பிரிவு இருக்கிறது. பாதுகாக்கப்பட்ட ரகமாகவே இருந்தாலும் அதன் விதையை விவசாயி சேமிக்கலாம், விதைக்கலாம், மறுபடி விதைக்கலாம், மாற்றிக்கொள்ளலாம், பகிரலாம், விற்கவும் செய்யலாம். இந்தச் சட்டம் வருவதற்கு முன் எப்படிச் செய்துவந்தாரோ அப்படியே. ஒரே ஒரு தடை: பையில் அடைத்து, ரகத்தின் பெயரை லேபிளில் போட்டு, பிராண்டு விதையாக விற்கக் கூடாது. 'இந்தச் சட்டத்தில் வேறு எது சொல்லப்பட்டிருந்தாலும்' என்ற பாதுகாப்பு வாசகமும் அதோடு சேர்ந்தே இருக்கிறது.

இதே பிரிவில், விதை விற்ற நிறுவனம் சொன்ன விளைச்சல் வராவிட்டால் விவசாயி நஷ்டஈடு கேட்கலாம் என்றும் இருக்கிறது. 42ஆம் பிரிவில், ரகம் பதிவானது என்று தெரியாமல் செய்த விவசாயி மீது உரிமை மீறல் என்று சொல்ல முடியாது. வேறு பல நாடுகளின் விவசாயச் சங்கங்கள் ஏக்கத்தோடு பார்க்கும் சட்டம் இது. நம் ஊரில் எத்தனை விவசாயிகளுக்குத் தெரியும் என்பது வேறு கதை.

எனவே சபர்காந்தா விவசாயிகளுக்குச் சட்டம் பக்கபலமாகவே இருந்தது. ஆனாலும் அகமதாபாத் நீதிமன்றம் இடைக்காலத் தடை கொடுத்தது. நிறுவனம் ஒரு சமரசம் பேசியது: எங்களிடமே விதை வாங்கி எங்களுக்கே விற்று எங்கள் திட்டத்தில் சேருங்கள், அல்லது இந்த ரகத்தை விட்டுவிடுங்கள். நாடு முழுக்க எதிர்ப்புக் கிளம்பிய பிறகு 2019 மே மாதம் வழக்குகளை வாபஸ் வாங்கிக்கொண்டது. வாபஸ் என்பதால் 39ஆம் பிரிவுக்கு இந்த வழக்கில் நீதிமன்றம் விளக்கம் சொல்ல வேண்டிய தேவையே வரவில்லை. என்னைக் கேட்டால், விவசாயிகளுக்கு இதில் நஷ்டம்தான். தெளிவான ஒரு தீர்ப்பு வந்திருந்தால் அடுத்த விவசாயிக்கு நோட்டீஸ் அனுப்ப யாரும் யோசிப்பார்கள்.

கதை அதோடு முடியவில்லை. விவசாயிகள் உரிமைச் செயற்பாட்டாளர் கவிதா குருகந்தி, அந்த ரகத்தின் பதிவையே ரத்து செய்யக் கோரினார். பயிர் ரகப் பாதுகாப்பு ஆணையம் 2021 டிசம்பரில் ரத்து செய்தது. பதிவு விண்ணப்பத்தில் இருந்த குறைகளும் பொதுநலனும் காரணமாகச் சொல்லப்பட்டன. 2023 ஜூலையில் டெல்லி உயர் நீதிமன்றத்தின் தனி நீதிபதி அதை உறுதி செய்தார். 2024 ஜனவரியில் இரு நீதிபதி அமர்வு மாற்றித் தீர்ப்பளித்து, நிறுவனத்துக்குச் சாதகமாக முடித்தது. இதைப் படித்துவிட்டு 'அப்படியானால் விவசாயிகள் தோற்றுவிட்டார்கள்' என்று எழுதியவர்கள் உண்டு. அது குழப்பம். ரகத்தைப் பதிவு செய்யும் உரிமை வேறு, அந்த ரகத்தின் விதையை விவசாயி வைத்துக்கொள்ளும் உரிமை வேறு. முதலாவது நிறுவனத்திடம் இருந்தாலும் இரண்டாவது விவசாயியிடம்தான் இருக்கிறது.

அமெரிக்காவில் இதே நிலையில் என்ன நடக்கும் என்பதற்கு வெர்னன் பௌமன் என்ற இந்தியானா மாநில விவசாயி உதாரணம். தானியக் கிடங்கில் சாதாரணச் சோயா வாங்கி விதைத்து, களைக்கொல்லி அடித்து, பிழைத்த செடிகளின் விதையை எடுத்து எடுத்து எட்டுப் பருவம் பயிரிட்டார். அந்தச் சோயாவில் மான்சாண்டோ என்ற விதை நிறுவனம் காப்புரிமை பெற்ற மரபணு இருந்தது. 2013இல் அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகளும் ஒருமித்து அவருக்கு எதிராகத் தீர்ப்பளித்தார்கள். கட்ட வேண்டியது 84,456 டாலர். இந்தியக் காப்புரிமைச் சட்டத்தின் 3(j) பிரிவு செடி, விதை, ரகம் எதற்கும் காப்புரிமை கிடையாது என்கிறது. விதைக்குள் வைத்த மரபணுவுக்குத் தனியாக உரிமை கேட்டால் என்ன என்ற சிக்கல் மட்டும் பி.டி. பருத்தி (புழுவை எதிர்க்கும் மரபணு சேர்த்த பருத்தி) வழக்கில் உச்ச நீதிமன்றம் வரை போய், முழுமையான விடை இல்லாமலே நிற்கிறது.

விவசாயியே கண்டுபிடிப்பாளராக இருந்தால்

மகாராஷ்டிரத்தின் சந்திரபூர் மாவட்டத்தில் நாந்தேட் என்ற சிற்றூர். தாதாஜி கோப்ரகடே என்ற சிறு விவசாயி 1980களின் தொடக்கத்தில் தன் வயலில் வித்தியாசமான சில நெற்கதிர்களைக் கவனித்தார். அவற்றைத் தனியே எடுத்துவைத்து, சில ஆண்டு பெருக்கிப் பார்த்தார். சன்ன ரகம், நல்ல விளைச்சல். அப்போது எல்லார் கையிலும் இருந்த கடிகாரத்தின் பெயரால் அது எச்.எம்.டி. நெல் ஆனது. ஊர் ஊராகப் பரவியது. வேளாண் பல்கலைக்கழகம் ஒன்று அவரிடம் விதை வாங்கிப் போய், சுத்தப்படுத்தி, தன் பெயரையும் முன்னால் சேர்த்து வெளியிட்டது. பேரும் புகழும் ஓரளவு பின்னால் வந்தன, பணம் வரவில்லை. 2018இல் காலமானார்.

இப்படி நடக்காமல் இருக்கத்தான் 2001 சட்டத்தில் 'விவசாயி ரகம்' என்று தனி வகை இருக்கிறது. தனி விவசாயியும் பதியலாம், ஊராகச் சேர்ந்தும் பதியலாம். கட்டணம் இல்லை. மாவட்ட வேளாண் அலுவலர், பஞ்சாயத்தின் பல்லுயிர் மேலாண்மைக் குழு, பல்கலைக்கழக ஆராய்ச்சி இயக்குநர், பழங்குடி நல அதிகாரி போன்ற யாராவது ஒருவர் மேலொப்பம் இட்டால் போதும். விதையைச் சோதனைக்கு அனுப்ப வேண்டும். நிறுவன ரகத்தில் வேறு மாதிரிச் செடிகள் எத்தனை வரலாம் என்று வரம்பு உண்டல்லவா, விவசாயி ரகத்துக்கு அதில் இரட்டிப்புச் சலுகை. பாரம்பரிய நெல் வயலைப் பார்த்தவர்களுக்கு இந்தச் சலுகை ஏன் தேவை என்று புரியும். அதில் எல்லாக் கதிரும் ஒரே உயரத்தில் நிற்காது. அந்தக் கலப்புதான் வெள்ளத்திலும் வறட்சியிலும் கொஞ்சமாவது மிஞ்ச வைப்பது. சட்டமோ சீரான ரகத்தைத்தான் ரகம் என்று ஏற்றுக்கொள்ளும் பழக்கமுடையது.

பதிவு எல்லாருக்கும் பிடித்தமானதும் அல்ல. திருத்துறைப்பூண்டி அருகே ஆதிரெங்கத்தில் நெல் ஜெயராமன் நடத்திவந்த விதைத் திருவிழாவின் கணக்கு எளிமையானது: 2 கிலோ விதை வாங்கிப் போகிறவர் அடுத்த ஆண்டு 4 கிலோவாகத் திருப்பித் தர வேண்டும். யாருக்கும் தனியுரிமை இல்லாமலே, 170க்கு மேற்பட்ட பாரம்பரிய நெல் ரகங்கள் அப்படி மீண்டு பரவின. சொத்து என்ற எண்ணமே விதைக்கு ஒத்துவராது என்று சொல்லும் இயற்கை விவசாயிகளிடம் நியாயம் இருக்கிறது. ஆனாலும் 'நாங்கள் பதிய மாட்டோம், நீயும் பதியாதே' என்று சொல்லிக் கேட்கும் உலகமாக இது இல்லை.

பொதிகையில் ஒரு பச்சிலை

விவசாயிகளுக்காவது ஒரு சட்டம் நேரடியாக இருக்கிறது. பழங்குடிகளின் நிலை இன்னும் சிக்கலானது. அகத்தியமலைக் காணிக்காரர்களின் கதையை எடுத்துக்கொள்வோம். நம் பாபநாசம் மலையிலும் பேச்சிப்பாறைப் பக்கத்திலும் மறுபுறம் கேரளத்திலும் வாழும் மக்கள் இவர்கள்.

1987 டிசம்பரில் பி. புஷ்பாங்கதன் தலைமையில் ஓர் ஆய்வுக் குழு அந்த மலையில் ஏறியது. வழிகாட்டிகளாகப் போன காணி இளைஞர்கள் நடுநடுவே ஏதோ ஒரு சிறு பழத்தைத் தின்றுகொண்டே களைப்பில்லாமல் ஏறினார்கள். கேட்டவர்களுக்கும் கொடுத்தார்கள், களைப்புப் பறந்தது. எந்தச் செடி என்று சொல்லத்தான் தயங்கினார்கள். அது வெளியாருக்குச் சொல்லக் கூடாத அறிவு. வற்புறுத்திக் கேட்டதில், தவறாகப் பயன்படுத்த மாட்டோம் என்று வாக்குக் கொடுத்ததில், காட்டினார்கள். ஆரோக்கியப்பச்சை.

பின்னர் புஷ்பாங்கதன் இயக்குநரான, திருவனந்தபுரம் அருகே பாலோட்டில் உள்ள வெப்பமண்டலத் தாவரவியல் ஆய்வு நிறுவனம் அதை ஆராய்ந்தது. அமுக்கரா, திப்பிலி, விஷ்ணுகிராந்தி ஆகியவற்றோடு சேர்த்து 'ஜீவனி' என்ற மருந்து உருவானது. 1995இல் கோயம்புத்தூர் ஆரிய வைத்திய பார்மசிக்கு ஏழாண்டுக்கு லைசென்ஸ் கொடுக்கப்பட்டது: 10 லட்சம் ரூபாயும், விற்பனையில் 2 சதவீத ராயல்டியும். இதில் பாதி காணி மக்களுக்கு என்று நிறுவனம் முடிவு செய்தது. அப்போது இந்தியாவில் அப்படிச் செய்யச் சொல்லும் சட்டமே இல்லை. உலக அரங்கில் இதை முன்மாதிரி என்று பாராட்டினார்கள்.

பாராட்டில் தவறில்லை. ஆனால் கிட்டத்தில் போய்ப் பார்த்தால் சில விஷயங்கள் உறுத்தும். ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவை ஆய்வு நிறுவனமும் மருந்து நிறுவனமும். காணிகள் அதில் ஒரு தரப்பே இல்லை. காணி வைத்தியர்களான பிலாத்திகளில் சிலர், தங்கள் அறிவைத் தனியாருக்கு விற்பதை எதிர்த்து முதலமைச்சருக்குக் கடிதம் எழுதினார்கள். பணத்தை வாங்க ஓர் அமைப்பு வேண்டுமே என்று 1997இல்தான் அறக்கட்டளை பதிவானது. பணம் கைக்கு வந்தது 1999இல். செடியைப் பயிரிட்டு இலை விற்றால் குடும்பங்களுக்கு வருமானம் என்றார்கள். காட்டில் அதை வளர்க்கவும் பறிக்கவும் வனத்துறை தடை போட்டது. அறக்கட்டளையின் பெயரே 'கேரளக் காணி' என்று தொடங்குகிறது. மலையின் கிழக்குச் சரிவில் உள்ள காணிக்கு அதே செடி, அதே அறிவு, அறக்கட்டளையில்தான் இடமில்லை.

இங்கே கவனிக்க வேண்டியது, பங்கு கிடைத்ததா என்பதற்கு முன்னால் உள்ள கேள்வி. கேட்டார்களா? வேண்டாம் என்று சொல்லும் உரிமை இருந்ததா? யாரிடம் கேட்டால் அது சம்மதம் ஆகும், வழிகாட்டி இளைஞர்களிடமா, பிலாத்திகளிடமா, எல்லா ஊர்களிடமுமா? 2010இல் ஏற்கப்பட்ட நகோயா நெறிமுறை, பழங்குடிகளின் அறிவை எடுப்பதற்கு முன்பே, விவரம் எல்லாம் சொல்லி, அவர்களின் சம்மதத்தைப் பெற வேண்டும் என்கிறது. இந்தியாவும் அதில் சேர்ந்திருக்கிறது.

ஆனால் நம் பல்லுயிர்ச் சட்டம் 2002இல் வேறு வழியில் போனது. அனுமதி தருவது சென்னையில் இருக்கும் தேசிய பல்லுயிர் ஆணையம். இந்திய உயிர்வளத்தை அடிப்படையாகக் கொண்டு காப்புரிமை கேட்பவர் அதன் ஒப்புதலைப் பெற வேண்டும், பயன்பகிர்வுத் தொகை செலுத்த வேண்டும். ஊர் மட்டத்தில் உள்ள பல்லுயிர் மேலாண்மைக் குழுக்களைக் கலந்து பேசினால் போதும்; அவர்களின் சம்மதம் தேவை என்று சட்டம் நேராகச் சொல்லவில்லை. உள்நாட்டு நிறுவனங்களும் பங்கு தர வேண்டும் என்று 2018இல் திவ்யா பார்மசி என்ற ஆயுர்வேத மருந்து நிறுவனத்தின் வழக்கில் உத்தராகண்ட் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2023 திருத்தம் அந்தத் தீர்ப்பின் பல்லைப் பிடுங்கியது என்றே சொல்வேன். நூலில் ஏறிய பாரம்பரிய அறிவைப் பயன்படுத்துவோருக்கும், பயிரிட்ட மூலிகைக்கும், ஆயுர்வேதம், சித்தம் போன்ற ஆயுஷ் முறை மருத்துவர்களுக்கும் அது விலக்குக் கொடுத்தது. சிறைத் தண்டனையை எடுத்துவிட்டு அபராதமாக்கியது. இன்று நூலில் இருக்கும் அறிவு அன்று யார் வாயிலிருந்து வந்தது என்று யாரும் கேட்கவில்லை.

பலர் மறந்துவிடும் இன்னொரு சட்டம், 2006இன் வன உரிமைச் சட்டம். நிலப் பட்டாவுக்காக மட்டுமே அதைப் பேசுகிறோம். அதன் 3ஆம் பிரிவில், பல்லுயிரும் பண்பாடும் சார்ந்த பாரம்பரிய அறிவின் மீது வனவாழ் மக்களுக்குச் சமூக அறிவுசார் சொத்துரிமை உண்டு என்றே எழுதியிருக்கிறது. வரி இருக்கிறது. அதை எங்கே, எப்படிப் பதிவது என்ற நடைமுறைதான் இல்லை.

புவிசார் குறியீடு பற்றியும் ஒரு வார்த்தை, ஏனென்றால் நம் ஊரில் அறிவுசார் சொத்துரிமை என்றாலே இப்போது எல்லாரும் நினைப்பது அதைத்தான். நீலகிரித் தோடர்களின் பூத்தையலுக்கு 2013இலும் கொடைக்கானல் மலைப்பூண்டுக்கு 2019இலும் கிடைத்தது. கூட்டாக வைத்துக்கொள்ளலாம், புதுப்பித்துக்கொண்டே போகலாம் என்பதால் பழங்குடிகளுக்கு ஒத்துவரும் வடிவம். ஆனால் காப்பது பெயரை மட்டும். அதே தையலை வேறு பெயரில் இயந்திரத்தில் போட்டு விற்றால் அது தடுக்காது.

வாய்மொழிக்கும் ஒரு பிரிவு

2024 மே மாதம் ஜெனீவாவில் உலக அறிவுசார் சொத்துரிமை அமைப்பு ஓர் ஒப்பந்தத்தை ஏற்றது. மரபணு வளத்தையோ அதோடு சேர்ந்த பாரம்பரிய அறிவையோ அடிப்படையாகக் கொண்ட கண்டுபிடிப்புக்குக் காப்புரிமை கேட்பவர், அதை எந்த நாட்டிலிருந்து, எந்தச் சமூகத்திடமிருந்து எடுத்தார் என்று விண்ணப்பத்திலேயே சொல்ல வேண்டும் என்பது அதன் சாரம். போதுமான நாடுகள் கையெழுத்திட்டு உறுதிசெய்தால்தான் நடைமுறைக்கு வரும். இந்தியாவில் உயிர்ப்பொருள் கிடைத்த இடத்தைச் சொல்ல வேண்டும் என்ற விதி ஏற்கெனவே இருக்கிறது.

அதைவிட முக்கியமானது இந்தியக் காப்புரிமைச் சட்டத்தின் 25ஆம் பிரிவு. ஒரு விண்ணப்பத்தை எதிர்க்க என்னென்ன காரணம் சொல்லலாம் என்ற பட்டியலில், இந்தியாவிலோ வேறெங்கோ உள்ள உள்ளூர் அல்லது பழங்குடிச் சமூகத்தில் அந்த அறிவு வாய்மொழியாகவோ வேறு விதமாகவோ ஏற்கெனவே இருந்தது என்பதும் ஒரு காரணம். அச்சிட்ட தாள் வேண்டாம். உரிமை வழங்கப்படும் முன் யார் வேண்டுமானாலும் இந்த எதிர்ப்பைத் தெரிவிக்கலாம். வைத்தியர்களின் பிரமாணப் பத்திரம், கிராம சபைத் தீர்மானம் போன்றவற்றைச் சான்றாக வைக்கலாம். விண்ணப்பங்கள் காப்புரிமை இதழில் வாரந்தோறும் வெள்ளிக்கிழமை இணையத்தில் வெளியாகின்றன. வெளியான பிறகு குறைந்தது ஆறு மாதம் கழிந்தால்தான் உரிமை வழங்க முடியும். தமிழகத்துக்கான காப்புரிமை அலுவலகம் சென்னை கிண்டியில் இருக்கிறது. இதழ் வெளியாவது ஆங்கிலத்தில், செடியின் தாவரவியல் பெயரில். ஆரோக்கியப்பச்சை என்று தேடினால் கிடைக்காது. டிரைகோபஸ் சைலானிகஸ் என்று தேட வேண்டும்.